யாருக்கு எத்தனை பக்கம்

ஒரு நாவல் எப்படி இருந்தது என்று கேட்டால் நம்மில் பெரும்பாலோருக்கு முதலில் வாயில் வருவது ‘எடுத்தால் கீழே வைக்க முடியவில்லை’ என்ற பாராட்டுத்தான், அடுத்தது ‘விறுவிறுப்பு’. குறை சொல்ல வேண்டுமென்றால் ‘ஒரே இழுவை’ என்று முடித்துக்கொள்வோம். சேலத்தில் நாங்கள் சிலர் மாதம் ஒருமுறை கூடி நாவல்களைப் பற்றிப் பேசுகிறோம். அங்கேயும் பேச்சின் முதல் கால்மணி நேரம் இந்தச் சொற்களைச் சுற்றித்தான் நடக்கும். அப்படி எல்லோருக்கும் பிடித்துப்போன ஒரு துப்பறியும் நாவலைப் பற்றி ஏற்காட்டில் இருக்கும் என் தாய்மாமாவிடம் சொல்லிக்கொண்டிருந்தபோது, ஒரே மூச்சில் முடித்துவிட்டேன் என்று கொஞ்சம் பெருமையாகவே சொன்னேன். அவர், “அப்போ எதையெல்லாம் தாண்டிக் குதிச்சு ஓடினேன்னு சொல்லு கண்ணு” என்றார். கேலி செய்யவில்லை, உண்மையாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். அன்றிலிருந்து எந்த நாவலைப் பிரித்தாலும் அந்தக் கேள்வி பக்கத்தில் வந்து உட்கார்ந்துகொள்கிறது.

மாமா நாகலூர்ப் பக்கம் ஒரு காப்பித் தோட்டத்தில் ரைட்டராக இருந்து ஓய்வுபெற்றவர். தோட்டத்து ஆட்களுக்கு ரைட்டர் என்றால் கதை எழுதுகிறவர் என்று பொருளில்லை. செக்ரோல் என்ற வருகைப் பதிவு நோட்டை எழுதுகிறவர், சம்பளக் கணக்குப் பார்க்கிறவர். சேலம் கலெக்டராக இருந்த காக்பர்ன் 1820களில் சேர்வராயன் மலையில் காப்பியைக் கொண்டுவந்து வைத்த நாளிலிருந்து, எந்தத் துரை வந்தாலும் எந்த முதலாளி போனாலும் இந்த நோட்டை எழுத ஓர் ஆள் அந்த மலையில் இருந்தபடியேதான் இருக்கிறார். பகலெல்லாம் அந்த நோட்டு, இரவில் நாவல் என்பதே மாமாவின் வாழ்க்கையாக இருந்தது. கீழே சேலத்துக்கு வரும்போதெல்லாம் நூலகத்திலிருந்தோ பழைய புத்தகக் கடையிலிருந்தோ ஏதாவது ஒன்றைப் பையில் போட்டுக்கொண்டு இருபது கொண்டை ஊசி வளைவுகளையும் ஏறிப் போவார். வாரப் பத்திரிகைத் தொடர்களைக் கிழித்துச் சேர்த்து, செவ்வாய்ப்பேட்டையில் பைண்டு செய்த தொகுதிகளும் அவரிடம் உண்டு. அவற்றில் நடுநடுவே ஜவ்வரிசி விளம்பரமும் தைல விளம்பரமும் வரும்; அதையும் விடாமல் படிப்பார்.

சொந்தப் புத்தகங்களில் அவர் ஓரத்தில் பென்சிலால் குறித்துவைப்பார். சிறுவயதில் அந்தக் குறிப்புகளைப் பார்த்து நான் ஏமாந்திருக்கிறேன். பிடித்த வரிகளுக்கு அடிக்கோடு இருக்கும், ‘அருமை’ என்று எழுதியிருக்கும் என்று எதிர்பார்த்தால், அங்கே இருப்பவை ‘அன்றே’, ‘மறுநாள்’, ‘இரண்டு வருசம்’, ‘இது முந்தைய தை’ போன்ற சொற்கள் மட்டுமே. சில இடங்களில் ஒரு பெயரும் அதன் பக்கத்தில் ஒரு கோடும் இருக்கும். வேலைப் பழக்கம் வீட்டுக்கும் வந்துவிட்டது என்று அத்தை சிரிப்பார். நானும் அதற்கு மேல் யோசித்ததில்லை.

செக்ரோல் படித்த கண்

செக்ரோலைப் பார்க்காதவர்களுக்காகக் கொஞ்சம் சொல்ல வேண்டும். அகலமான நோட்டு, இடது பக்கம் மேலிருந்து கீழாக ஆட்களின் பெயர்கள், மேலே குறுக்காக ஒன்று முதல் முப்பத்தொன்று வரை தேதிகள். காலையில் ஆட்கள் வந்து நிற்கும்போது பெயர் கூப்பிட்டு, வந்தவர்களுக்கு அவரவர் கட்டத்தில் ஒரு கோடு. மதியத்தோடு போனவர்களுக்கு அரைக் கோடு. பறிப்புக் காலத்தில், அதாவது கார்த்திகை முதல் தை வரை, பழத்தின் எடையும் சேர்ந்துகொள்ளும். ஒரு பெண் விடிகாலையில் லைன் வீட்டிலிருந்து கிளம்பி, பிள்ளையைப் பிள்ளைக் கொட்டகையில் விட்டு, பனி சொட்டும் செடிகளுக்கிடையில் இடுப்பில் பையைக் கட்டிக்கொண்டு, அட்டைக்கும் சரிவுக்கும் நடுவில் பழுத்ததை மட்டும் பார்த்துப் பார்த்துப் பறித்து, சாயங்காலம் தராசு முன்னால் வந்து நிற்பது வரையிலான முழுப் பகலும் அந்த நோட்டில் அரை அங்குலக் கோடு. அதற்கு மேல் எழுத அங்கே இடமும் கிடையாது, எழுதச் சொல்வதும் கிடையாது.

இதை அவர் எனக்கு விளக்கியது நாவலைப் பற்றிய பேச்சில்தான். பெருமாள்முருகனின் ‘கூளமாதாரி’யை நான் பாதியில் மூடிவைத்திருந்த சமயம் அது. 2000இல் வந்த நாவல். திருச்செங்கோட்டுச் சுற்றுப்புற மேட்டுக்காட்டில், கவுண்டர் பண்ணயத்தில் ஆண்டுக் கூலிக்கு விடப்பட்ட கூளையன் என்ற அருந்ததியச் சிறுவன் ஆடு மேய்ப்பதுதான் கதை. அவனோடு நெடும்பன், வவுறி, செவிடி என்று அவனைப் போலவே பண்ணயத்தில் இருக்கும் பிள்ளைகள், பண்ணயக்காரர் மகன் செல்வன், பிறகு ஆடுகள். 1997இல் நாமக்கல் தனி மாவட்டமாகும்வரை திருச்செங்கோடும் எங்கள் சேலம் மாவட்டம்தான்; அந்தப் பனைமரங்களும் கொளுத்தும் வெயிலும் கிளுவை வேலியும் எனக்கு அறிமுகமானவை. அதனாலேயே ஒருவித அசட்டை: ‘நமக்குத் தெரிந்த காடு, நமக்குத் தெரிந்த ஆடு, இதைப் படித்து என்ன ஆகப்போகிறது, இன்னும் கதையே ஆரம்பிக்கவில்லையே.’ மாமாவிடம் அப்படியே சொன்னேன். அவர் உள்ளே போய்த் தன்னுடைய பிரதியை எடுத்துவந்து கொடுத்துவிட்டு, களத்தில் காயும் காப்பியை மழை வருவதற்குள் மூடும் வேலையைப் பார்க்கப் போய்விட்டார். ஓய்வுபெற்ற பிறகும் வீட்டோரத்தில் கொஞ்சம் செடி வைத்திருக்கிறார்.

அந்தப் பிரதியின் ஓரங்களில் ‘வெடியால’ (விடிகாலை), ‘உச்சி’, ‘மசங்கல்’ (அந்தி) என்று பொழுதுகள் வரிசையாகக் குறிக்கப்பட்டிருந்தன. நான் எழுத்தைப் படிக்காமல் ஓரத்தை மட்டும் புரட்டிக்கொண்டே போனேன். வெடியாலைக்கும் உச்சிக்கும் நடுவில் பக்கங்கள் போகின்றன. உச்சிக்கும் மசங்கலுக்கும் நடுவில் இன்னும் பக்கங்கள் போகின்றன. ஒரு பகல் முழுதாகக் கழிய அவ்வளவு தாள் ஆகிறது. பிறகுதான் அந்தப் பக்கங்களுக்குள் நுழைந்து, அவற்றில் என்ன நடக்கிறது என்று பார்த்தேன். ஆடுகளை ஓட்டுகிறார்கள், ஒருவரை ஒருவர் சீண்டுகிறார்கள், விளையாடுகிறார்கள், கிணற்றில் குதிக்கிறார்கள், கிடைத்ததைத் தின்கிறார்கள், ஆடு எங்கே போயிற்று என்று பயந்து தேடுகிறார்கள். பண்ணயக்காரர் வரும்போது மட்டும் அந்தப் பொழுது சட்டென்று முறிகிறது: ஏச்சு, அடி, மறுபடியும் வேலை. அவர் போன பிறகு பொழுது பழையபடி விரிகிறது. கதை ஆரம்பிக்கவில்லை என்று நான் நினைத்த பக்கங்களில், ஒரு கூலிப் பையனின் பகல் அவனுக்கே சொந்தமாக இருக்கும் நேரமெல்லாம் ஒன்றுவிடாமல் எழுதப்பட்டிருந்தது. பண்ணயக்காரரின் கணக்கில் அது ஒரு வருசக் கூலிக்குள் அடங்கிப்போகிற பகல். அந்தக் கணக்கில் எந்த நாளுக்கும் தனிப் பெயர் இல்லை.

மாமா கையைத் துடைத்துக்கொண்டு வந்து உட்கார்ந்தார். “நான் ஒரு ஆளோட ஒரு நாளுக்கு ஒரு கோடு போட்டவன். இவரு எத்தன பக்கம் போட்டிருக்காருன்னு பாத்தியா?” என்றார். நான் நெகிழ்ந்துபோய் ஏதோ சொல்லத் தொடங்கியதும் கையைக் காட்டி நிறுத்தினார். “அதுக்காக நெறையப் பக்கம் குடுத்துட்டா மரியாதைன்னு நெனச்சுக்காத. பத்துப் பக்கம் ஏழைய அழவெச்சே ஓட்டுறவங்களும் இருக்காங்க. அது ஓவர்டைம் கூலி குடுக்காம வேலை வாங்குற மாதிரி. இங்க அந்தப் பையன் சிரிக்கிறதுக்கும் பக்கம் இருக்கு, அதப் பாரு.”

அன்று மலையிறங்கும் பேருந்தில் அந்த நாவலை மடியில் வைத்துக்கொண்டு வந்தேனே தவிரப் படிக்கவில்லை. அந்த வளைவுகளில் படித்தால் என்ன ஆகும் என்பது ஏற்காட்டுப் பேருந்தில் போனவர்களுக்குத் தெரியும். யோசித்துக்கொண்டுதான் வந்தேன். நாவலின் அழகு என்று நாங்கள் கூட்டங்களில் பேசுவதெல்லாம் மொழி, பாத்திரப் படைப்பு, கதைக்கரு, செய்தி என்ற நான்கு பெட்டிகளுக்குள் அடங்கிவிடும். பள்ளிக்கூடத்தில் துணைப்பாடத்துக்கு விடை எழுதிய பழக்கம். அந்த நான்கிலும் சேராத ஒன்றை மாமா பார்த்துக்கொண்டிருந்தார். நாவலாசிரியர் கையில் இருக்கும் பக்கங்கள் ஓர் அளவுக்கு உட்பட்டவை. வாழ்க்கையின் காலமோ அளவில்லாமல் கிடக்கிறது. எனவே எந்த நாளை விரிப்பது, எந்த வருடத்தை ஒரு வரியில் கட்டி எறிவது, யாருடைய பொழுதை எழுதுவது, யாரைக் கதவுக்கு வெளியிலேயே நிறுத்திவைப்பது என்று ஒவ்வொரு பக்கத்திலும் ஒரு பங்கீடு நடக்கிறது. கதையைச் சொல்வதற்கு முன்பே நாவல் தன் கருத்தை அந்தப் பங்கீட்டில் சொல்லிவிடுகிறது. இதைத்தான் பிரெஞ்சு விமர்சகர் ழெரார் ழெனெத் 1972இல் எழுதிய நூலில், கதைக்குள் ஓடும் காலமும் அதைச் சொல்ல ஆகும் பக்கங்களும் கொள்ளும் உறவு என்று வகைப்படுத்திக் காட்டினார்: சுருக்கிச் சொல்வது, காட்சியாக விரிப்பது, காலத்தை நிறுத்திவிட்டு வர்ணிப்பது, சொல்லாமலே தாண்டிவிடுவது. மாமாவுக்கு ழெனெத்தைத் தெரியாது. நான் சொன்னபோது, “அவரும் எங்கியாச்சும் கணக்கெழுதியிருப்பாரு” என்றார்.

குழாயடியும் தலைமறைவும்

இந்தக் கண்ணோடு ஏற்கெனவே படித்த நாவல்களுக்கு நான் திரும்பினேன். அசோகமித்திரனின் ‘தண்ணீர்’ சின்ன நாவல். 1970களின் தொடக்கத்தில் வந்தது. சென்னையில் ஒரு தெரு, தண்ணீர்ப் பஞ்சம், ஜமுனா, சாயா என்ற அக்கா தங்கை, பக்கத்து வீட்டு டீச்சரம்மா. சினிமாவில் பெரிய வாய்ப்புக் கிடைக்கும் என்று நம்பிப் பாஸ்கர் ராவிடம் ஏமாந்து நிற்பவள் ஜமுனா. இந்த மூலப்பொருளை வேறொருவர் கையில் கொடுத்தால் அந்த ஏமாற்றத்தின் கதையே முன்னால் வந்து நின்றிருக்கும். எப்படிச் சந்தித்தார்கள், என்ன வாக்குறுதி, எந்த இரவு என்று அத்தியாயம் அத்தியாயமாக விரிந்திருக்கும். அசோகமித்திரன் அதையெல்லாம் நடந்து முடிந்த சங்கதியாகப் பின்னால் தள்ளிவிட்டு, குடத்தையும் பம்பையும் தெருவில் தோண்டிப்போட்ட பள்ளத்தையும் விரிக்கிறார். வாழ்க்கையைப் புரட்டிப்போட்ட சம்பவத்துக்கு இரண்டு வரி, இரண்டு குடம் தண்ணீருக்கு முழுக் காட்சி.

இதை நான் விளக்க முயன்றபோது என் அம்மா குறுக்கிட்டார். சேலத்தில் குகை என்ற பகுதியில் பிறந்து அம்மாப்பேட்டைக்கு வாழ்க்கைப்பட்டவர். மேட்டூர்த் தண்ணீர் எப்போது வரும் என்று தெரியாமல் கோடையெல்லாம் குடங்களை வரிசையில் வைத்துவிட்டு வந்து தறியில் உட்கார்ந்த தலைமுறை. அவர் அந்த நாவலை என் வற்புறுத்தலுக்காகத்தான் படித்தார். “வரிசையில நிக்கிறப்போ கவலையெல்லாம் மறந்துடும். நம்ம குடத்த எவளாச்சும் நகத்திடுவாளோங்கிறது மட்டுந்தான் மனசுல இருக்கும். இவரு நின்னு பாத்திருக்காரு” என்றார். ஜமுனாவின் துயரத்தை நாவல் ஏன் நேராக விரிக்கவில்லை என்பதற்கு இதைவிட நல்ல விளக்கத்தை நான் விமர்சனக் கட்டுரைகளில் படித்ததில்லை. துயரப்படுவதற்கு அவளுக்கு நேரமே இல்லை; அந்த நேரமின்மையைத்தான் பக்கங்கள் காட்டுகின்றன. டீச்சரம்மா தன் சொந்த வாழ்க்கையைப் பற்றி ஜமுனாவிடம் வாய்திறக்கும் இடம் அதனால்தான் அவ்வளவு கனமாக இறங்குகிறது. குழாய்க்கும் பள்ளிக்கூடத்துக்கும் படுக்கையில் கிடக்கும் புருஷனுக்கும் நடுவில் ஓடிக்கொண்டிருந்த ஒரு பெண்மணி, அங்கேதான் கொஞ்ச நேரம் உட்கார்கிறார்.

பூமணியின் ‘வெக்கை’யை இப்போது பலரும் ‘அசுரன்’ படத்துக்குப் பிறகுதான் தேடிப் படிக்கிறார்கள். எங்கள் கூட்டத்துக்கு வரும் கல்லூரி மாணவர்கள் அதைப் படித்துவிட்டுச் சொன்ன முதல் குறை, “படத்துல இருக்கிற அளவுக்குச் சண்டையே இல்லீங்களே” என்பது. உண்மைதான். 1982இல் வந்த அந்த நாவலில் கொலை முதல் பக்கத்திலேயே முடிந்துவிடுகிறது. பதினைந்து வயதுச் சிதம்பரம் கையை வெட்டத்தான் நினைத்தான், ஆள் செத்துப்போகிறான். அதற்குப் பிறகு நாவல் முழுவதும் அவனும் அய்யாவும் காட்டிலும் கரட்டிலும் ஒளிந்து திரிகிற சில நாட்கள். எங்கே படுப்பது, எதைச் சமைப்பது, தண்ணீர் எங்கே இருக்கும், அம்மா எப்படி இருப்பாள் என்ற பேச்சு. ஒரு திரைப்படத்தால் இந்தக் கஞ்சி காய்ச்சும் நேரத்தை வைத்துக்கொண்டு இரண்டரை மணி நேரம் ஓட்டுவது கடினம். எனவே அது முன்கதையை விரித்தது, மோதல்களை விரித்தது. படத்தைக் குறை சொல்வது என் நோக்கமில்லை, எனக்கும் பிடித்த படம்தான். ஆனால் கதை ஒன்றாகவே இருக்க, பங்கீடு மாறியதும் பொருளே மாறிப்போனதைத் தமிழில் இவ்வளவு கண்கூடாகப் பார்க்க வேறு எடுத்துக்காட்டு எனக்குச் சட்டென்று தோன்றவில்லை. படத்தில் நாம் பழிக்குப் பழி நடக்கக் காத்திருக்கிறோம். நாவலிலோ, கொலை செய்துவிட்ட ஒரு சிறுவன் அடுத்த வேளைக்குப் பசிக்கிற பிள்ளையாகவே இருப்பதைப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டியிருக்கிறது. அந்த மாணவர்களில் ஒருவன் அடுத்த கூட்டத்தில், “சோறாக்குற எடத்துல எல்லாம் எனக்குப் பயமா இருந்துச்சுங்க, புகை தெரிஞ்சிடுமோன்னு” என்றான். அவனுக்கு நான் எதுவும் சொல்லிக்கொடுக்கவில்லை. இரண்டாம் முறை மெதுவாகப் படித்ததோடு சரி.

இப்போது செல்பேசியில் பத்து நிமிடத்தில் நாவலின் கதையைச் சொல்லிவிடும் காணொளிகள் நிறைய வருகின்றன. சிலர் நன்றாகவே சொல்கிறார்கள். பேருந்தில் போகிறவர்களுக்கு அது ஒரு பொழுதுபோக்கு, இருந்துவிட்டுப் போகட்டும். அதைக் கேட்டுவிட்டு ‘படித்த மாதிரிதான்’ என்று சொல்லும்போதுதான் எனக்குச் சங்கடமாக இருக்கிறது. ஏனென்றால் பத்து நிமிடச் சுருக்கத்தில் முதலில் சமமாக்கப்படுவது இந்தப் பங்கீடுதான். கூளையனின் பகலும் பண்ணயக்காரரின் ஏச்சும் அதில் ஒரே நீளத்துக்கு வந்துவிடுகின்றன; சிதம்பரத்தின் கஞ்சி காணாமலே போய்விடுகிறது. சுருக்கம் எவ்வளவு நேர்மையாக இருந்தாலும் அது செக்ரோலுக்குத்தான் திரும்புகிறது.

விட்டுவிட்ட நாட்கள்

விரித்ததைப் பார்க்கப் பழகுவது ஓரளவு எளிது. கண்ணுக்கு முன்னால் இருக்கிறது. தாண்டிப்போனதைப் பார்க்கத்தான் பயிற்சி வேண்டியிருக்கிறது. வர்ஜீனியா வுல்ஃப் 1927இல் எழுதிய ‘டு தி லைட்ஹவுஸ்’ நாவலில், முதல் பகுதி முழுவதும் ஒரு வீட்டின் ஒரே நாளை நிரப்பிக்கொண்டிருந்த திருமதி ராம்சே, நடுப்பகுதியில் பகர அடைப்புக்குள் வரும் ஒரு வாக்கியத்தில் இறந்துபோகிறாள். வீட்டில் தூசி படிவதையும் சால்வை தொங்குவதையும் வர்ணித்துக்கொண்டே போகிற பக்கங்களின் நடுவில் போகிறபோக்கில் அந்தச் செய்தி வருகிறது. மொழிபெயர்த்து வாய்விட்டுப் படித்துக் காட்டியபோது எங்கள் கூட்டத்தில் ஒருவர் கோபப்பட்டார். ‘ஒரு தாய் செத்ததை இப்படியா சொல்வது’ என்று. அந்தக் கோபம் எனக்கு நியாயமாகவே பட்டது. அந்த வீட்டில் இருந்தவர்களுக்கும் அது அப்படித்தான் வந்து விழுந்திருக்கும், தயாராவதற்கு யாரும் அவகாசம் தரவில்லை.

நம் பக்கத்திலேயே ‘புத்தம் வீடு’ இருக்கிறது. ஹெப்சிபா ஜேசுதாசன் 1964இல் வெளியிட்ட நாவல். பனைவிளை என்ற ஊரில் லிஸி என்ற பெண் வளர்வதும், பனையேறிக் குடும்பத்துத் தங்கராஜை விரும்புவதும் கதை. பள்ளிக்குப் போய்க்கொண்டிருந்த லிஸி வயதுக்கு வந்ததும் வீட்டுக்குள் அடைக்கப்படுகிறாள். அதுவரை தெருவும் விளையும் வெயிலுமாக இருந்த கதை, அவளோடு சேர்ந்து வீட்டுக்குள் வந்துவிடுகிறது. அந்த வருடங்கள் எப்படிக் கழிந்தன என்று நாவல் நீட்டிச் சொல்வதில்லை. முதல் வாசிப்பில் இது எனக்கு ஒரு தாவலாகக்கூடத் தெரியவில்லை. இரண்டாம் முறை மாமாவின் பாணியில் ஓரத்தில் குறிக்க முயன்றபோது, குறிப்பதற்கு நாளே கிடைக்காமல் பென்சிலைக் கையில் வைத்துக்கொண்டு நின்றுவிட்டேன். அடைபட்ட பெண்ணுக்குச் செவ்வாய்க்கிழமையும் வியாழக்கிழமையும் ஒன்றுதான் என்பதை, தேதிகளை எழுதாமலே எழுதியிருக்கிறார்.

இங்கே ஒன்றைச் சொல்லிவிட வேண்டும்: இந்த முறையை எல்லாவற்றுக்கும் திறவுகோலாக எடுத்துக்கொண்டு கிளம்பினால் படிப்பது கணக்குப் பிள்ளை வேலையாகிவிடும். மாமாவிடமே அந்தக் குறை உண்டு. ‘மோகமுள்’ளில் சங்கீத குரு ரங்கண்ணா பாபுவுக்குக் கேட்கக் கற்றுத்தரும் இடங்களை அவர் ‘அன்றே’ என்று ஓரத்தில் எழுதிவிட்டுப் போயிருக்கிறார். அங்கே பொழுதைக் குறித்து என்ன பயன்? தி. ஜானகிராமனின் வாக்கியத்தில் இருக்கும் ஓசையைத்தான் அங்கே நின்று கேட்க வேண்டும். அதைச் சொன்னால், தனக்குச் சங்கீத ஞானம் கிடையாது என்று நழுவிவிடுவார். சங்கீத ஞானம் இல்லாதவனையும் கேட்க வைத்ததுதானே ஜானகிராமனின் சாமர்த்தியம் என்று நான் விடாமல் கேட்பேன். அத்தை காப்பி கொண்டுவந்து வைத்து எங்களை நிறுத்துவார்.

‘ஜே.ஜே: சில குறிப்புக’ளைப் பற்றிய சண்டை இன்னும் தீரவில்லை. சுந்தர ராமசாமி 1981இல் எழுதிய அந்த நாவலின் முதல் வாக்கியத்திலேயே, 1960 ஜனவரி 5இல், பிரெஞ்சு எழுத்தாளர் ஆல்பெர் காம்யு விபத்தில் இறந்ததற்கு மறுநாள், ஜே.ஜே. இறந்துவிடுகிறான். “முதல் வரியிலயே ஆள் போயிட்டான், அப்புறம் நான் எந்த நாளக் கணக்கு வெக்கிறது?” என்பது மாமாவின் வாதம். ‘அடுத்து என்ன ஆகும்’ என்ற பதைப்பை முதல் வரியிலேயே பிடுங்கி எறிந்துவிட்டு, இனி இவன் என்ன யோசித்தான் என்பதை மட்டும் கவனியுங்கள் என்று வாசகனை உட்காரவைக்கிறது அந்த வாக்கியம் என்பது என் வாதம். அதுவும் பங்கீடுதான்; நாட்களுக்குப் பக்கம் தராமல் எண்ணங்களுக்குத் தந்திருக்கிறார். மாமா ஒப்புக்கொள்ளவில்லை. பாதிக்கு மேல் அவர் பென்சில் அந்தப் புத்தகத்தில் நகரவே இல்லை என்பதைப் பார்த்தேன்.

தோட்டத்தைப் பற்றிய நாவல் என்று நான் அவருக்குக் கொண்டுபோய்க் கொடுத்தது ‘எரியும் பனிக்காடு’. ஆனைமலைத் தேயிலைத் தோட்டங்களில் மருத்துவராக இருந்த பி. எச். டேனியல் ஆங்கிலத்தில் 1969இல் எழுதியதை இரா. முருகவேள் தமிழாக்கியிருக்கிறார். முன்பணம் வாங்கிக்கொண்டு மேஸ்திரியை நம்பி மலையேறுகிற கருப்பனும் வள்ளியும் கடன் தீராமல் ஊர் திரும்ப முடியாமல் கிடப்பதுதான் அதன் காலம். ஏற்காட்டுக் காப்பித் தோட்டங்களின் கதை வேறு. மலையிலேயே இருந்த மலையாளி என்ற பழங்குடி மக்களும் இங்கே வேலை செய்தார்கள், நிலமும் காலமும் வேறு. ஆனாலும் அந்தப் புத்தகத்தில் மாமா எதையும் குறிக்கவில்லை. ஏன் என்று கேட்டதற்கு, நோட்டை மேசைக்கு அந்தப் பக்கத்திலிருந்து பார்த்துப் பழகிவிட்டதாகவும், இந்தப் பக்கத்திலிருந்து படிக்கும்போது கை வரவில்லை என்றும் சொன்னார். நான் படித்த தமிழ்க் கதைகளில் ஏற்காடு வரும்போதெல்லாம் பெரும்பாலும் தேனிலவுத் தம்பதியோ பங்களாவில் நடந்த கொலையோதான் வரும். வெள்ளிக்கிழமை மாலை ஏறி ஞாயிறு மாலை இறங்கிவிடும் காலம். மாமாவின் நோட்டில் கோடாக நின்றவர்களின் பகல் அவற்றில் இல்லை. அதை எழுதுங்கள் என்று அவரைச் சில வருடங்களாக நச்சரிக்கிறேன். தன் கைக்குக் கட்டம் போட்ட தாளில்தான் எழுத வரும் என்கிறார்.

இப்போது அவரிடம் இருப்பது ப. சிங்காரத்தின் ‘புயலிலே ஒரு தோணி’. 1972இல் வந்தது; இரண்டாம் உலகப் போர்க்காலத்து இந்தோனேசியாவிலும் மலேயாவிலும் அலைகிற பாண்டியனின் கதை. மெடானில் ஒரு தெருவில் நடந்துகொண்டே மனத்துக்குள் மதுரையின் தெருக்களில் நடக்கிறவன் அவன். முதல் அத்தியாயங்களில் மாமாவின் குறிப்புகள் வழக்கம்போல ஒழுங்காக இருக்கின்றன. பாண்டியனின் நினைவு ஊருக்குத் திரும்பும் பக்கத்தின் ஓரத்தில் மட்டும், நாளுக்குப் பதிலாக ‘இது எங்கே நடக்குது, எப்போ நடக்குது?’ என்று எழுதி இரண்டு முறை அடிக்கோடிட்டிருக்கிறார். அந்தப் பக்கத்தை நகல் எடுத்து வைத்திருக்கிறேன். அடுத்த கூட்டத்தை ‘விறுவிறுப்பா, இழுவையா’ என்று தொடங்காமல் இந்தக் கேள்வியிலிருந்து தொடங்குவதாக முடிவு. பறிப்பு முடிந்து களத்து வேலை ஓய்ந்தால் தானும் கீழே இறங்கி வருவதாகவும், ஆனால் ஜே.ஜே. பற்றி அங்கே யாரும் தன்னிடம் பேசக்கூடாது என்றும் மாமா சொல்லியிருக்கிறார்.